நான் எழுதிக் கொடுத்த பெயர்

மூன்று வருடங்களுக்கு முன்பு, பெப்ரவரி மாதத்தில் ஒரு வியாழக்கிழமை இது நடந்தது. அப்போது நான் சுவிஸில் டீட்டிகோன் நகரில், வீடு வீடாகப் பார்சல் கொண்டுபோய்க் கொடுக்கும் ஒரு நிறுவனத்தில் வான் சாரதியாக வேலை செய்தேன். நான் யார், எந்த நிறுவனம் என்பதெல்லாம் வேண்டாம். நடந்ததை மட்டும் சொல்கிறேன்.

எங்கள் நிறுவனத்தின் பார்சல் மண்டபத்தில் பார்சல்களை இடம் வாரியாகப் பிரித்து வான்களில் ஏற்றுகிறவர்களில் ஒரு தமிழ்ப் பெண்ணும் இருந்தார். ஐம்பது வயது இருக்கும். நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். அவர் நிரந்தர ஊழியர் இல்லை. ஒரு வேலை முகவர் நிலையம் மூலமாகத் தற்காலிகமாக வந்தவர். ஆனால் அவர் ஏற்றிய வானில் ஒரு பெட்டியும் நசுங்காது. பாரமானது கீழே, இலேசானது மேலே, முதலில் இறக்க வேண்டியது கைக்கெட்டுகிற இடத்தில். எங்கள் மேற்பார்வையாளரை ஷெஃப் என்றுதான் எல்லோரும் சொல்வோம். அவர் புதிதாக யார் வந்தாலும் அக்காவின் பக்கத்தில்தான் நிறுத்துவார். "இவரைப் பார்த்துப் பழகுங்கள்" என்பார்.

எனக்கு அது பிடிக்கவில்லை. இதை இப்போதுதான் இப்படி வெளிப்படையாகச் சொல்ல முடிகிறது. அந்த வருடம் நான் நிரந்தர வதிவிட அனுமதிக்கு விண்ணப்பிக்க இருந்தேன். ஜேர்மன் மொழிச் சோதனையில் ஒருமுறை தவறிவிட்டேன். அதே சோதனையை அக்கா முதல் தடவையிலேயே பாஸ் பண்ணியிருந்தார். கோயிலில் இதைக் கேள்விப்பட்ட என் மனைவி வீட்டுக்கு வந்து நாலைந்து நாள் அதையே சொன்னாள். வேலையிலும் அக்கா, வீட்டிலும் அக்கா. போதாததற்கு எனக்கு ஏற்கனவே இரண்டு எச்சரிக்கைக் கடிதங்கள் வந்திருந்தன. ஒன்று பிந்தி வந்ததற்கு, மற்றது வானின் கண்ணாடியைச் சுவரில் உரசியதற்கு. மூன்றாவது வந்தால் வீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

அன்று காலை என் வானை ஏற்றி முடித்த அக்கா, மேல் தட்டில் இருந்த ஒரு பெட்டியைக் காட்டினார். அதில் கண்ணாடிக் கோப்பைப் படம் போட்ட சிவப்புத் துண்டு ஒட்டியிருந்தது. அனுப்பியவர் 'மட்பாண்டம்' என்று கையால் எழுதியிருந்தார்.

"தம்பி, உடையிற சாமான். தனிய வைச்சிருக்கிறன். பார்த்து எடுங்கோ."

நான் வான் கதவை அடித்துச் சாத்தினேன்.

மூன்றாவது வீட்டிலேயே அது நடந்துவிட்டது. பனியும் மழையும் கலந்து கொட்டிக்கொண்டிருந்தது, விரல்கள் விறைத்துப்போயிருந்தன. அவசரத்தில் கீழ்த் தட்டிலிருந்த வேறொரு பார்சலை இழுத்தேன். தட்டு ஆடி, அந்தப் பெட்டி என் தோளில் பட்டுத் தெருவில் விழுந்தது. தூக்கி ஆட்டிப் பார்த்தேன். உள்ளே கலகலவென்று சத்தம். ஒரு மூலை மடங்கியிருந்தது.

எங்களிடம் இருக்கும் கை ஸ்கேனரிலேயே சேத அறிக்கையை நிரப்பி அனுப்பலாம். சேதம் எப்போது ஏற்பட்டது என்று கேட்கும். 'விநியோகத்தின்போது' என்று ஒன்று, 'ஏற்றும்போது' என்று ஒன்று. கையுறை கழற்றிய என் பெருவிரல் கொஞ்ச நேரம் இரண்டுக்கும் நடுவில் நின்றது. பிறகு இரண்டாவதை அழுத்தினேன். ஏற்றியவர் பெயர் கேட்டது. அக்காவின் பெயரை முழுதாக, எழுத்துப் பிழையில்லாமல் எழுதினேன். மடங்கிய மூலையைப் படமெடுத்துச் சேர்த்து அனுப்பினேன். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

அதற்குப் பிறகு எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. வளைவு வந்தால் பின்னால் கலகல. பிரேக் பிடித்தால் கலகல. வானொலியைச் சத்தமாக வைத்தேன். அப்போதும் கேட்டது. ஒரு வீட்டில் கையெழுத்து வாங்க மறந்து திரும்ப ஓடினேன். இன்னொரு கட்டடத்தில் மூன்றாம் மாடிக்குப் பதிலாக நாலாம் மாடி மணியை அடித்து வாங்கிக் கட்டிக்கொண்டேன். அக்காவுக்கு இது ஒரு தடவைதானே, ஒன்றும் ஆகாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அடுத்த சந்தியில் அதை நானே நம்பவில்லை. அனுப்பிய அறிக்கையைத் திருப்பி எடுக்கலாமா என்று ஸ்கேனரைத் தட்டிப் பார்த்தேன். முடியவில்லை.

பதினொரு மணிபோல ஷெஃப் தொலைபேசி எடுத்தார். அந்தப் பெட்டிக்குரிய பெண் இரண்டு தரம் அழைத்துவிட்டாராம், நாளைக்கு அவசரமாகத் தேவையாம். உடைந்திருந்தாலும் கொண்டுபோய் அவர் முன்னிலையில் திறந்து கையெழுத்து வாங்கு என்றார். கடைசியில், உன் அறிக்கையைப் பார்த்தேன், வானை ஏற்றிய அந்த அம்மாவிடம் நான் கதைக்கிறேன் என்று சொல்லி வைத்துவிட்டார்.

அந்தப் பெண்ணின் வீடு பாடன் நகரின் பழைய பகுதியில், ஆற்றை நோக்கி இறங்கும் கல் படிகளின் கீழே இருந்தது. உடைந்த சாமானை இனி யார் உடைக்கப்போகிறார்கள் என்று தெரிந்தும், வழுக்கும் படிகளில் பெட்டியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு ஒவ்வொரு அடியாக இறங்கினேன்.

கதவைத் திறந்தவருக்கு நாற்பது வயது இருக்கலாம். மேசை நிறையத் திருத்திக்கொண்டிருந்த விடைத்தாள்கள். சேதமாகியிருக்கும் என்று நினைக்கிறேன், மன்னிக்க வேண்டும், திறந்து பாருங்கள் என்றேன். அவர் கத்தரிக்கோலால் நாடாவை வெட்டி, பத்திரிகைத் தாள்களை விலக்கினார். உள்ளே முழுக்க உடைந்த சட்டி ஓடுகள். உள்ளங்கை அளவில், சிவப்பும் கறுப்புமாக, கூர் கூராக. ஒரு முழுப் பாத்திரம்கூட இல்லை.

அவர் சிரித்தார்.

அவர் ஒரு பாடசாலையில் பழைய கிரேக்க மொழியும் வரலாறும் படிப்பிக்கும் ஆசிரியை. அவருடைய தங்கை மட்பாண்டம் செய்கிறவர். வகுப்புக்கென்று கேட்டதால் தங்கை உடைந்த சட்டிகளைத்தான் அனுப்பியிருக்கிறார், வீட்டில் கிடந்த ஏதோ பழைய பெட்டியில். சிவப்புத் துண்டு அதற்கு முன் யாரோ ஒட்டியது. ஒன்றும் உடையவில்லை, உடைந்ததுதான் எனக்கு வேண்டும் என்றார்.

நான் உடனே கையெழுத்தை வாங்கிக்கொண்டு ஓடியிருக்க வேண்டும். ஆனால் கால் எழும்பவில்லை. உடைந்த ஓட்டை வைத்து என்ன படிப்பிப்பீர்கள் என்று கேட்டேன்.

அவர் ஓர் ஓட்டை எடுத்து, ஓர் ஆணியால் அதில் கீறிக் காட்டினார். பண்டைய ஏதென்ஸ் நகரத்தில் காகிதம் இல்லை, உடைந்த சட்டி எங்கும் கிடக்கும். வருடத்துக்கு ஒருமுறை, யாரையாவது ஊரைவிட்டு அனுப்ப வேண்டுமா என்று மக்களைக் கேட்பார்களாம். ஆம் என்றால் ஒரு நாள் குறிப்பார்கள். அன்றைக்கு ஒவ்வொருவரும் தனக்கு வேண்டாதவன் பெயரை இப்படி ஓட்டில் கீறிப் போடுவார்கள். போதிய ஓடுகள் விழுந்து, யாருடைய பெயர் அதிகமாக வருகிறதோ அவர் பத்து நாளில் ஊரைவிட்டுக் கிளம்ப வேண்டும். பத்து வருடம் திரும்ப முடியாது. நாளைக்கு மாணவர்கள் இதைச் செய்து பார்க்கப் போகிறார்கள் என்றார். கூடப் படிக்கிறவர்கள் பெயரை எழுதக்கூடாது என்று முன்கூட்டியே சொல்லி வைத்திருக்கிறாராம்.

அந்த ஆள் என்ன குற்றம் செய்திருக்க வேண்டும் என்று கேட்டேன்.

குற்றம் ஒன்றும் தேவையில்லை என்றார். வழக்கு இல்லை, விசாரணை இல்லை. எழுதியவன் முன்னால் வந்து காரணம் சொல்ல வேண்டியதில்லை. எழுதப்பட்டவன் வாய் திறக்க இடமும் இல்லை.

பிறகு, மாணவர்களுக்குச் சொல்கிற கதை என்று ஒன்றைச் சொன்னார். அப்படியான ஒரு நாளில், எழுதத் தெரியாத விவசாயி ஒருவன் பக்கத்தில் நின்றவரிடம் ஓட்டை நீட்டி, இன்னாருடைய பெயரை எழுதித் தரச் சொன்னான். அவன் சொன்னது பக்கத்தில் நின்ற அந்த மனிதரின் பெயரையேதான். ஆளை அவனுக்குத் தெரியாது. அவர் கேட்டார், அந்த ஆள் உனக்கு என்ன கெடுதல் செய்தார் என்று. அதற்கு விவசாயி சொன்னானாம்:

"ஒன்றும் செய்யவில்லை. போகிற இடமெல்லாம் அவரை நேர்மையானவர், நேர்மையானவர் என்கிறார்கள். கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது."

அந்த மனிதர் ஒரு வார்த்தை பேசாமல் தன் பெயரைத் தானே எழுதிக் கொடுத்துவிட்டாராம்.

ஆசிரியை அதை ஒரு வேடிக்கைக் கதை போலத்தான் சொன்னார். என் முகத்தில் இரத்தம் ஏறியது அவருக்குத் தெரிந்திருக்காது. எனக்கு வேறொன்றும் ஞாபகம் வந்தது. சண்டைக் காலத்தில் ஊரில் எங்கள் பக்கத்தில் இராணுவத்தினர் ஆட்களை வரிசையாக நிறுத்துவார்கள். முகத்தை மூடிய ஒருவன் முன்னால் இருப்பான். தலையாட்டி என்போம். அவன் தலையை ஆட்டினால் அந்த ஆளைக் கூட்டிக்கொண்டு போய்விடுவார்கள், ஏன் என்று யாரும் கேட்க முடியாது. அந்த வரிசையில் இரண்டு தரம் நின்றவன் நான். இரண்டு தரமும் தப்பியவன். அந்த மூடிய முகத்தை ஆயுள் முழுக்க வெறுத்துக்கொண்டு வந்த நான், சுவிஸில், பட்டப்பகலில், கையுறையைக் கழற்றிவிட்டு அதே வேலையைச் செய்திருக்கிறேன்.

படிகளில் ஓடி ஏறினேன். ஷெஃபுக்கு அழைத்தேன். எடுக்கவில்லை. திரும்பவும் அழைத்தேன். வானில் இன்னும் நாற்பது பார்சல்கள்வரை இருந்தன. அவற்றை விட்டுவிட்டுத் திரும்பினால் அதுவே ஒரு குற்றம். வானைத் திருப்பினேன். நெடுஞ்சாலையில் நெரிசல். ஆமை வேகத்தில் ஊர்ந்த அந்த வரிசையில், அக்கா வேலை செய்துகொண்டிருக்க வேண்டும், கடவுளே, அங்கேயே நிற்க வேண்டும் என்று முணுமுணுத்துக்கொண்டு போனேன்.

மண்டபத்தில் அவர் இல்லை. நான் நேரே ஷெஃபின் அறைக்குப் போய், பெட்டியைப் போட்டது நான்தான் என்றேன். மேலும் பெட்டியில் எதுவும் உடையவுமில்லை என்றேன். அவர் கையிலிருந்த பேனாவை மெதுவாக வைத்தார். அப்படியானால் ஏன் அவருடைய பெயரை எழுதினாய் என்று கேட்டார். அக்கா எங்கே என்றுதான் எனக்குக் கேட்க வந்தது. முகவர் நிலையத்துக்கு அறிவித்து அவரை ஒரு மணித்தியாலத்துக்கு முன்பே அனுப்பியாகிவிட்டது என்றார் ஷெஃப். அந்த அம்மா ஒன்றும் வாதாடவில்லை, அந்தப் பெட்டியைத் தனியாகத்தான் வைத்தேன் என்று ஒருதரம் சொன்னார், அவ்வளவுதான் என்றார்.

நான் ரயில் நிலையத்துக்கு ஓடினேன். ஏன் ஓடினேன் என்று தெரியாது, ஒரு மணித்தியாலத்துக்கு முன் போனவர் அங்கே இருப்பார் என்று நினைக்க ஒரு நியாயமும் இல்லை. ஆனால் இருந்தார். மேடையின் கடைசி வாங்கில் உட்கார்ந்து, வேலைச் சப்பாத்து வைத்த பையை மடியில் வைத்துக்கொண்டு. இத்தனை நேரமாக எத்தனை ரயிலை விட்டிருப்பார் என்று எனக்குத் தெரியவில்லை.

"அக்கா, நான்தான் எழுதினனான்."

"தெரியும் தம்பி. ஷெஃப் காட்டினவர்." என்னைப் பார்க்காமல் தண்டவாளத்தைப் பார்த்தபடி கேட்டார். "பெட்டி உடைஞ்சு போச்சோ?"

நான் நடந்ததைச் சொன்னேன். கீழே விழுத்தியது, உள்ளே இருந்தது எல்லாம். ஷெஃபிடம் உண்மையைச் சொல்லிவிட்டேன் என்பதையும் சொன்னேன். அவர் கேட்டு முடித்துவிட்டுப் பையை மடியில் இழுத்து வைத்தார்.

"பயத்தில சொன்னதெண்டால் எனக்கு விளங்கும். ஏற்றேக்கை உடைஞ்சதெண்டு போட்டால் போதும்தானே. ஆர் ஏத்தினதெண்டு கேட்டால் தெரியாதெண்டு விட்டிருக்கலாம். ஏன் தம்பி என்ர பேர்?"

அந்த இடத்தில் பொய் சொல்ல எனக்குத் தைரியம் இருக்கவில்லை.

"எல்லாரும் உங்களை நல்லவ, கெட்டிக்காரி எண்டு சொல்லிச் சொல்லி… எனக்குக் கேட்கப் பிடிக்கேல்லை அக்கா."

அவர் அப்போதுதான் திரும்பி என்னைப் பார்த்தார். கோபம் இருக்கும் என்று எதிர்பார்த்தேன். இருந்தது களைப்பு.

"அதுக்கு நான் என்ன செய்யிறது?" என்றார்.

ரயில் வந்தது. எழும்பிப் பையைத் தோளில் போட்டார். "இப்ப உங்களோட கதைக்க ஏலாது. ஏதும் சொல்லிப் போடுவன்" என்றுவிட்டு ஏறிப் போய்விட்டார்.

அன்று பின்னேரம் மிச்சப் பார்சல்களைக் கொடுத்து முடித்தேன். மூன்றாவது எச்சரிக்கைக் கடிதம் அடுத்த நாளே வந்தது. வேலையை விட்டு நிறுத்தவில்லை. நீயாகத் திரும்பி வந்து சொன்னதால் மட்டும் என்றார் ஷெஃப். ஆனால் வானை என்னிடமிருந்து எடுத்துவிட்டு, பார்சல் பிரிக்கிற மண்டபத்தில் என்னைப் போட்டார். ஷெஃப் அக்காவைத் தானே தொலைபேசியில் அழைத்து மன்னிப்புக் கேட்டாராம். அக்கா உடனே வரவில்லை. இரண்டு கிழமை கழித்து வந்தார், இந்த முறை நிரந்தர ஊழியராக. என்னைவிட்டுத் தள்ளி, மண்டபத்தின் மறு பக்கத்தில் நிற்க இடம் கேட்டு வாங்கியதாகப் பிறகு அறிந்தேன். அந்தக் கடிதத்தால் வதிவிட அனுமதிக்கான என் விண்ணப்பம் ஒன்றரை வருடம் தள்ளிப் போனது. மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

இப்போதும் நாங்கள் ஒரே இடத்தில்தான் வேலை செய்கிறோம். அக்கா என்னோடு தேவைக்குக் கதைப்பார். இந்தப் பெட்டி எந்த வரிசை, அந்தக் கதவு பூட்டியிருக்கோ, அவ்வளவுதான். ஒருநாள் சாப்பாட்டு மேசையில் உப்பை என் பக்கம் நகர்த்தி வைத்தார். அதற்கு அர்த்தம் இருக்கிறதா என்று நான் ஒரு கிழமை யோசித்தேன். என்னை மன்னித்துவிட்டாரா என்று பல தடவை கேட்க வாய் எடுத்திருக்கிறேன். கேட்கவில்லை. கேட்டால் ஓம் என்றுதான் சொல்வார். நல்லவராகவே இருந்தாக வேண்டிய பாரத்தை, இன்னொரு தரமும் அவர் தலையில் ஏற்றிவைக்க எனக்கு உரிமை இல்லை என்று தோன்றுகிறது.