ஃபைனலுக்கு நான் சலித்துக் காயவைத்த மணல்

ரக்பி லீக் கோப்பையை ஒரு சட்டி மணலால் கோட்டை விட்டவன் நான்தான். கிரவுண்ட் வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்குப் பிரயோஜனமாக இருக்குமே என்று, மானத்தை மடித்து வைத்துவிட்டு எழுதுகிறேன்.

1. எல்லாம் தெரிந்த முருகேசன்

எனக்குப் பரமக்குடிப் பக்கம். துபாயில் கட்டடங்களுக்கு ஷட்டரிங் பலகை அடித்துக்கொண்டிருந்தவனை, ஆள் சப்ளை கம்பெனி ஒரு ரக்பி கிளப்புக்குத் தற்காலிகமாக அனுப்பியது. புல்லுக்குத் தண்ணீர் விடுவது, கோடு போடுவது, கொடி நடுவது. அஜ்மானில் ரூம், துபாயில் டியூட்டி. ஃபைனல் நல்லபடியாக முடிந்தால் விசாவைக் கிளப்புக்கே மாற்றித் தருவதாக மேனேஜர் சொல்லியிருந்தார். இல்லாவிட்டால் மறுபடியும் சைட். ஆகஸ்ட் வெயிலில் இரும்புக் கம்பியைத் தூக்கியவனுக்கு, அங்கே திரும்பிப் போக மனசே இல்லை.

ஆட்டம் சுலபம்தான். முட்டை வடிவப் பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடுவார்கள். எதிராளிகள் கட்டிப் பிடித்துச் சாய்ப்பார்கள். ஆறு பிடிக்குள் அந்தப் பக்கத்துக் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் ஊன்றினால் 'ட்ரை', நாலு பாயிண்ட். பிறகு பந்தை நிறுத்தி வைத்து, கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் இன்னும் இரண்டு பாயிண்ட். சடுகுடு பார்த்து வளர்ந்தவனுக்கு இதெல்லாம் ஒரு விஷயமா என்று ரூமில் பீற்றிக்கொண்டேன்.

ஃபைனல் அன்று காலையில் சூப்பர்வைசர் சிவநாதன் அண்ணன் கூப்பிட்டார். யாழ்ப்பாணத்துக்காரர்.

"முருகேசு, கோட்டுக்குப் பக்கத்தில ஒரு சட்டி மணல் வச்சு விடும். பழைய கிக்கர் கேட்டவன். பெரும்பாலும் தேவைப்படாது. எண்டாலும் வையும்."

"சரிண்ணே."

எதுக்கு என்று கேட்கவில்லை. கேட்டால் தெரியாதவன் என்று ஆகிவிடுமே! அதற்கு முன்னால் சில வெள்ளிக்கிழமைகள் கிரிக்கெட் கிரவுண்டில் வேலை பார்த்திருந்தேன். அங்கே புல் ஈரமாக இருந்தால், வழுக்காமலிருக்கக் காய்ந்த மணலைத் தூவுவார்கள். கூட வேலை செய்த பெஷாவர் பாயிடம் சொன்னேன். அவரும் கிரிக்கெட் பைத்தியம். "அச்சா, அச்சா, அதுக்குத்தான்" என்று தலையாட்டினார். எங்கள் இருவருக்கும் தெரிந்த உலகம் அவ்வளவுதான்.

பின்பக்கத்தில் கிடந்த மணல் கொஞ்சம் ஈரமாக இருந்தது. தார்ப்பாயில் பரப்பி வெயிலில் காயவைத்தேன். பூச்சு வேலைக்குச் சலிப்பதுபோல மூன்று தடவை சலித்தேன். சட்டியில் அள்ளி வைத்தபோது எனக்கே பெருமையாக இருந்தது.

2. கடைசி உதை

எங்கள் கிளப்பின் வழக்கமான கிக்கர் பிளாஸ்டிக் ஸ்டாண்டில் பந்தை வைத்து உதைக்கிற பையன். இரண்டாவது பாதியில் அவனுக்குத் தொடை பிடித்துக்கொண்டது. நேரம் முடிகிற சமயத்தில் நாங்கள் ட்ரை போட்டும் ஒரு பாயிண்ட் பின்னால். உதை உள்ளே போனால் கோப்பை. உதைக்க வந்தவர் ஃபிஜித் தீவுக்காரர், அண்ணன் சொன்ன அந்தப் பழைய கிக்கர். வயதாகிவிட்டதால் நாங்கள் 'பெரிசு' என்போம். அதுதான் அவருக்குக் கடைசி மேட்ச்.

பெரிசு என்னைப் பார்த்துக் கையைக் காட்டினார். "சேண்ட், மேட்!" யாரைக் கூப்பிட்டாலும் 'மேட்'தான் அவருக்கு, தோழா என்கிற மாதிரி.

ஓடினேன். அவர் என் மணலைக் கொட்டிக் குவித்து, அதன்மேல் முட்டைப் பந்தை நிறுத்தினார். மணல் வழிந்தது, பந்து படுத்துக்கொண்டது. மறுபடி குவித்தார். மறுபடி படுத்தது. கேலரியில் சிரிப்பு. அவர் மணலைக் கையில் அள்ளி விரல்வழியே விட்டுப் பார்த்துவிட்டு, "வெட்?" என்றார்.

ஈரமாகிவிட்டதா என்று கேட்கிறாராக்கும் என நினைத்து, நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, "நோ வெட், சார்! ஃபுல் சன், த்ரீ டைம் சலித்தது!" என்றேன்.

கோட்டுக்கு வெளியே இருந்து சிவநாதன் அண்ணன் அலறினார். "உமக்கு விசரோ? பந்து நிக்கிறதுக்குத்தான் மணல்! ஈரமா இருந்தாத்தான் நிக்கும்! தண்ணி ஊத்தும், கெதியா!"

அட கடவுளே! பாட்டிலைத் திறந்து கவிழ்த்தேன். பதற்றத்தில் தண்ணீர் கூடிப்போய்ச் சகதியானது. வருஷக்கணக்கில் கலவை போடுகிறவர்களோடு நின்றவன், ஒரு சட்டிக் கலவையைக் கெடுத்தேன். இன்னும் மணலைப் போட்டு இறுக்கி, கொழுக்கட்டை மாதிரி ஒன்றைப் பிடித்து வைத்தேன். ரெஃப்ரி கடிகாரத்தைப் பார்த்தார். பெரிசு உதைத்தார். பந்து கம்பத்தில் பட்டு வெளியே போனது.

கலாஸ். எல்லாம் முடிந்தது.

எதிர் டீமில் மாடு மாதிரி இருந்த ஒருவன் வந்து என்னைத் தூக்கிச் சுற்றினான். தன் ஜெர்சியைக் கழற்றி என் தோளில் போட்டான். ஒருவர் கேமராவை நீட்டினார். கேமராவைக் கண்டால் சிரித்துவிடுகிற புத்தி எனக்கு. கட்டைவிரலை வேறு தூக்கிக் காட்டினேன். போட்டோ எடுத்தவருக்குப் பின்னால் எங்கள் மேனேஜர் நின்றுகொண்டிருந்தார்.

3. ஆபீஸ்

மறுநாள் பெட்டியைக் கட்டி வைத்துவிட்டுத்தான் டியூட்டிக்குப் போனேன். ஆபீஸில் மேனேஜர், சிவநாதன் அண்ணன், முழங்காலில் ஐஸ் வைத்துக்கொண்டு பெரிசு. மேனேஜர் மணலைப் பற்றிக் கேட்டார். பெரிசு நிதானமாக ஏதோ சொன்னார். எனக்கு 'சேண்ட்', 'மேட்' தவிர எதுவும் பிடிபடவில்லை. மேனேஜர் என்னைப் போகச் சொன்னார்.

வெளியே வந்ததும் அண்ணன் தோளைத் தட்டினார். "உம்மட விசாவுக்கு ஒண்டும் நடக்காது. பெரிசு சொல்றார், மணல் நல்லாத்தான் நிண்டதாம். தான்தான் காலைப் பிழையா வச்சதாம்."

"நெசமாவாண்ணே?"

"பொய் ஐசே. பந்தை அடிக்கிற நேரம் மணல் இறங்கினதை நான் கண்ணால பாத்தனான்."

பெரிசுக்குக் கடைசி உதை அது. தவறவிட்டவர் என்ற பெயர் இனி அவருக்குத்தான். எவனோ ஒரு மடையனுக்காக அதை வாங்கிக்கொண்டு போகிறார்.

பார்க்கிங்குக்கு ஓடினேன். டாக்ஸியில் பையை வைத்துக்கொண்டிருந்தார். எனக்கு இங்கிலீஷும் வரவில்லை, தமிழும் வரவில்லை. அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். அவர் என் தலையைத் தட்டி, "நெக்ஸ்ட் டைம், வெட் சேண்ட், மேட்" என்று சொல்லிவிட்டு ஏறிப் போய்விட்டார்.

கற்ற பாடம்: சரி என்பதற்கு முன்னால் எதுக்கு என்று கேளுங்கள். நான் இப்போது எல்லாவற்றுக்கும் கேட்கிறேன். போனில் என் மனைவி, "லீவுக்கு எப்ப வர்றீங்க?" என்றபோது பழக்கதோஷத்தில் "எதுக்கு?" என்று கேட்டு, நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

இப்போதெல்லாம் கிக்கர்கள் எல்லோரும் பிளாஸ்டிக் ஸ்டாண்டுதான். ஆனாலும் ஒவ்வொரு மேட்சுக்கும் கோட்டுக்குப் பக்கத்தில், நனைத்த சாக்குக்கு அடியில் ஒரு சட்டி மணல் இருக்கும். யாரும் கேட்பதில்லை. காயாமல் தண்ணீர் தெளித்துக்கொண்டிருக்கிறேன்.