இலை பதிந்த வாசற்படி

எங்கள் வீட்டில் தெலுங்கு படிக்கத் தெரிந்த ஒரே ஆள் நான்தான், மூன்றாம் வகுப்பு. ஆந்திராவில், சத்தியவேட்டுப் பக்கத் தமிழ்க் குடும்பங்களின் நிலைமை அப்படி. பேச எல்லோருக்கும் வரும். படிக்க, பள்ளிக்கூடம் போகிற பிள்ளை வேண்டும். அந்த அதிகாரத்தை நான் கொஞ்சம் கூடுதலாகவே சுமந்தேன்.

எங்கள் நிலத்தை ஒட்டிய பாறைச் சரிவில் ஒருநாள் பலகை நட்டார்கள். அதற்கு முந்தைய வாரம்தான் நைனா, என் அப்பா, அங்கிருந்து ஒரு தட்டைக் கல்லை மாட்டுவண்டியில் ஏற்றி வந்து வாசற்படியாகப் போட்டிருந்தார். அதில் ஈச்சங்கீற்று போல ஓர் இலை, நரம்பு நரம்பாகப் பதிந்திருந்தது. பலகையைப் போய்ப் படித்தேன். கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு முந்தைய செடிகள், அரசுப் பாதுகாப்பு, கல்லை எடுத்தால் சிறை. கோடி எனக்குப் பிடிபடவில்லை. சிறை பிடிபட்டது.

"போடி, கல்லுக்கெல்லாம் எவன் ஜெயில்ல போடுவான்" என்று நைனா அதே படியில் உட்கார்ந்து பீடி பற்றவைத்தார். அவருடைய தங்கை, என் அத்தை, மட்டும் பலகையில் இருந்ததை இரண்டு முறை சொல்லச் சொல்லிக் கேட்டாள்.

அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. படிமேல் கோணியைப் போட்டேன், அம்மா எடுத்தாள், மறுபடி போட்டேன். எந்த வண்டிச் சத்தம் கேட்டாலும் வேலிக்கு ஓடினேன். அத்தைதான் வழி சொன்னாள். "ஜீப்பு வந்தா ஒளிஞ்சிக்காதடி. நீயே முன்னாடி போயி எல்லாத்தையும் ஒப்பிச்சிடு. சின்னப் புள்ளன்னு உட்டுடுவாங்கோ."

ஞாயிற்றுக்கிழமை ஜீப் வந்தது. வீட்டில் கேசரி கிண்டியதையும் அத்தை பட்டுப்புடவை கட்டியதையும் நான் கவனிக்கவில்லை. வாசலைக் காப்பவளுக்கு அடுப்படி எங்கே தெரிகிறது. சஃபாரி அணிந்த பெரியவர் இறங்கினார். பின்னால் ஓர் அம்மாள், வழுக்கை விழத் தொடங்கிய ஒருவர். போலீஸ் குடும்பத்தோடு வருவது புதிதாக இருந்தது, யோசிக்க நேரமில்லை. கோணிமேல் ஏறி நின்று, பலகை வாசகத்தைப் பிழையில்லாமல் தெலுங்கில் ஒப்பித்து, "எங்க நைனாவப் புட்ச்சிக்கினு போவாதீங்க சார், கல்லத் திருப்பி வச்சிடறோம்" என்று அழுதேன்.

பெரியவர் கோணியைக் காலால் விலக்கிப் பார்த்தார். "இன்னாய்யா இது, கவர்மென்ட் கல்லா? நானே கவர்மென்ட் உத்தியோகம். இந்த ஊட்ல பொண்ணு எடுத்தா, நாளைக்கு என்னியும்தான கேப்பான்?"

காபி குடிக்காமலே கிளம்பிவிட்டார்கள். நைனா என் முதுகில் இரண்டு வைத்துவிட்டு, வண்டியைப் பூட்டி, கல்லைச் சரிவுக்கே கொண்டுபோனார்.

வீடே என்னைத் திட்டிக்கொண்டிருந்தபோது, அத்தை பட்டுப்புடவைகூட மாற்றாமல், உதட்டைக் கடித்துச் சிரிப்பை அடக்கியபடி ஒரு தட்டு நிறையக் கேசரியை என் முன் வைத்தாள். "துன்னுடி, எல்லாம் உனுக்குத்தான்."

நைனாவைச் சிறையிலிருந்து மீட்டதற்கு இவ்வளவுதானா என்ற மனக்குறையோடே தின்று முடித்தேன்.