மாமாவின் கண் ஆபரேஷன்

மாமாவுக்குக் கண் மங்கிய பிறகுதான் அத்தை அந்த வீட்டில் கொஞ்சம் மூச்சு விட்டாள் என்று அம்மா சொல்வாள். அம்மாவின் அண்ணனான மாமா, பட்டாளத்தில் ஹவில்தாராக இருந்து ஓய்வுபெற்று சொந்த ஊரான அன்னவாசலுக்கே திரும்பி வந்தவர். ஞாயிற்றுக்கிழமை காலையில் வீட்டை இன்ஸ்பெக்‌ஷன் செய்வார். ஃபேன் இறக்கையில் விரலை வைத்து இழுத்துப் பார்ப்பார். கழுவிக் கவிழ்த்த டம்ளர்களை நிமிர்த்தி முகர்வார். சர்க்கரை வியாதி வந்து, அதன் பின்னாலேயே இரண்டு கண்ணிலும் புரை விழுந்ததும் இன்ஸ்பெக்‌ஷன் நின்றுபோயிற்று. எதிரே வருவது ஆளா மாடா என்று பக்கத்தில் இருப்பவரைக் கேட்க ஆரம்பித்தார்.

பட்டாளத்தில் இருந்தவர்களுக்குக் கண் ஆபரேஷன் இலவசம். திருச்சியில் அவர்களுக்கென்று இருந்த கிளினிக்கில் எழுதிக் கொடுத்தால், பெரிய ஆஸ்பத்திரியில் லென்ஸ் வைத்து அனுப்புவார்கள். அதற்குப் புது கார்டு எடுக்க வேண்டும். கார்டுக்கு மனைவியின் போட்டோவும் வேண்டும். அங்கேதான் தடங்கல்.

அத்தையின் இடது கன்னத்தில் ஒரு வெள்ளைத் திட்டு இருந்தது. மாமாவின் கண் மங்கத் தொடங்கிய காலத்தில்தான் அதுவும் வந்தது. முதலில் பொட்டு அளவு இருந்தது, நான் மூன்றாம் வகுப்புக்கு வந்தபோது தாடை வரை இறங்கிவிட்டது. புத்தகத்தில் பார்த்த இலங்கைப் படம் மாதிரி இருக்கும். ஊருக்கே தெரிந்த அது மாமாவுக்கு மட்டும் தெரியாது. வாய் தவறிச் சொன்னால் சூடு போடுவேன் என்று அம்மா என்னிடம் சொல்லி வைத்திருந்தாள். வீட்டுக்குள் மாமா மட்டும் இருக்கும்போதுகூட அத்தை முந்தானையை இடப்பக்கம் இழுத்துவிட்டுக்கொள்வாள்.

ஸ்டுடியோவுக்குப் போகலாம் என்றால் ஒருநாள் தலைவலி என்பாள், ஒருநாள் விரதம் என்பாள்.

"பனியில நின்னவனுக்கு சர்க்கார் கண்ணு தர்றேங்குது. ஒரு போட்டோ எடுக்க ஒனக்கு நல்ல நாள் பாக்கணுமோ?" என்று மாமா கத்துவார். அத்தை அரிசி களைவாள்.

ஒருநாள் பஸ் ஸ்டாண்டில் மாமா, பின்னால் நகர்ந்து வந்த பஸ்ஸைக் கவனிக்காமல் அதன் பாதையிலேயே நடந்தார். வெற்றிலைக் கடைக்காரர் சட்டையைப் பிடித்து இழுத்திருக்காவிட்டால் என்ன ஆகியிருக்குமோ. மறுநாள் காலையில் அத்தை என்னைத் துணைக்கு அழைத்துக்கொண்டு ஸ்டுடியோவுக்குப் போய்விட்டாள். அங்கே வலது கன்னத்தைக் காட்டியே உட்கார்ந்தாள்.

"நேராப் பாருங்கக்கா, ரெண்டு காதும் தெரியணும். இல்லாட்டி ஆபீஸ்ல திருப்பி அனுப்பிருவாங்க" என்றார் போட்டோக்காரர்.

அத்தை நேராகத் திரும்பினாள்.

முதல் கண்ணில் ஆபரேஷன் முடிந்து மாமா கறுப்புக் கண்ணாடியோடு வந்து இறங்கினார். நேரத்துக்கு நேரம் சொட்டு மருந்து விட வேண்டும். "ஒனக்குத்தான் தாயி கை நடுங்காது" என்று அத்தை அந்த வேலையை என்னிடம் கொடுத்தாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை, பயமும் தாங்கவில்லை. ஒரு சொட்டு அதிகமாகி மாமாவின் கண் போய்விட்டால்? இன்று என் மகனுக்குக் காய்ச்சல் மருந்து கொடுக்கும்போது மூடியில் இருக்கும் அளவுக் கோட்டை மூன்று முறை பார்க்கிறேன், அப்புறமும் சந்தேகப்படுகிறேன். அந்தப் பழக்கம் அப்போதே தொடங்கியிருக்க வேண்டும்.

கறுப்புக் கண்ணாடியைக் கழற்றலாம் என்று டாக்டர் சொன்ன நாளில் நானும் அம்மாவும் மாமா வீட்டில் இருந்தோம். மாமா எழுந்ததும் முதலில் ஃபேனைப் பார்த்தார். அதன் மேல் தூசி. ஜன்னல் கம்பியில் துரு. சுவரில் பல்லி எச்சம். காலண்டர் கோணல். ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்தார். அத்தை காபியோடு வந்து நின்றாள். கழுத்துக்கும் முகத்துக்கும் சம்பந்தம் இல்லாத மாதிரி பவுடர் அப்பியிருந்தாள்.

மாமா பேச்சை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தார்.

"இந்தா, மூஞ்சில எதுக்கு இம்புட்டுப் பவுடர்? கழுவிட்டு வா."

அத்தை அசையவில்லை. அம்மா அவள் கையிலிருந்த டம்ளரை வாங்கிக்கொண்டாள். பிறகு கொல்லைக் குழாயில் தண்ணீர் வெகுநேரம் ஓடும் சத்தம் கேட்டது. ஈர முகத்தோடு அத்தை திரும்பி வந்தாள். முந்தானை இடுப்பில் செருகியிருந்தது. நான் மாமாவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இனிமே மருந்த நீயே விடு. இந்தப் புள்ள காதுக்குள்ள ஊத்துறா" என்றார். காபியை வாங்கிக்கொண்டு, காலண்டரை மாட்டியது யார் என்று விசாரிக்க ஆரம்பித்தார்.

எனக்கு ஆத்திரமாக வந்தது. ஒரு சொட்டுகூட நான் காதில் விட்டதில்லை. வீட்டுக்குத் திரும்பும் வழியில், மாமாவுக்கு ஆபரேஷன் சரியாக நடக்கவில்லை என்று அம்மாவிடம் சொன்னேன். உச்சியில் இருக்கும் தூசி தெரிகிறது, கிட்டே நிற்கும் அத்தையின் கன்னம் தெரியவில்லையே? ஓசியில் வைத்த லென்ஸ் அப்படித்தான் இருக்கும், அடுத்த கண்ணுக்காவது காசு கொடுத்து நல்லதாக வைக்கச் சொல்லுங்கள் என்றேன். அம்மா என் தலையில் ஒரு குட்டு வைத்தாள்.

சில மாதம் கழித்து அடுத்த கண்ணுக்கும் அதே ஆஸ்பத்திரியில் அதே லென்ஸைத்தான் வைத்தார்கள். அந்தக் கண்ணுக்கும் அத்தையின் கன்னத்துத் திட்டு தெரியவில்லை. பட்டாளத்தில் இருந்தவர்களைச் சர்க்கார் இப்படி ஏமாற்றலாமா என்று ரொம்ப நாள் மனத்துக்குள் வருத்தப்பட்டுக்கொண்டிருந்தேன்.