அடையாற்றுப் பானையில் ரங்கூன் தண்ணீர்

இரண்டாம் வகுப்போடு படிப்பை விட்டவன் நான். ஆனால் மதராஸில் என் நாக்குக்கு ஈடாக இன்னொரு நாக்கு இருந்ததில்லை. இதை நானே சொல்லிக்கொள்வதில் எனக்குக் கூச்சம் கிடையாது. என்னோடு வேலை பார்த்தவர்கள் எல்லாரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள், வேறு யார் சொல்வார்கள்?

எங்கள் ஆபீஸ் மயிலாப்பூரில் ஒரு எண்ணெய்க் கடை மாடியில் இருந்தது. ஊரில் எங்காவது மாயம் நடந்தால் அதைப் புலனால் பிடித்து எழுதி வைப்பது எங்கள் வேலை. சுவர் முனகினால் காதுக்காரர் போவார். பூட்டிய பெட்டிக்குள் மழை வாசனை அடித்தால் மூக்குக்காரர். வாயில் வைத்துப் பார்க்க வேண்டியதெல்லாம் எனக்கு. நான் காபி கிளப்பில் டம்ளர் கழுவிக்கொண்டிருந்தவன். அடியில் தங்கிய ஒரு சொட்டை வைத்தே எந்தக் கடைப் பொடி என்று சொல்வேன். அதைப் பார்த்துத்தான் பெரிய குமாஸ்தா என்னை இழுத்துக்கொண்டார். அந்த வேலைக்கு பி.ஏ. படித்தவர்கள் இரண்டு பேர் மனுப் போட்டிருந்தார்கள் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

வெற்றிலை, காபி, மிளகாய் எனக்கு ஆகாது. அதைவிடப் பெரிய கட்டுப்பாடு, வீட்டுக்காரர் வாயைத் திறப்பதற்கு முன்னால் எழுதிவிட வேண்டும் என்பது. காதில் விழுந்தது நாக்கில் ஏறிவிடும். எழுதுவதும் நாக்கில் பட்டதை மட்டும்தான். அதற்கு அர்த்தம் சொல்லக் கூடாது.

ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று ஊர் காலியான சமயம். ஆபீஸில் பாதிப் பேர் ரயிலேறிவிட்டார்கள். அப்போதுதான் அடையாற்று முகத்துவாரக் குப்பத்திலிருந்து மீன் விற்கிற அம்மாள் ஒருத்தி வந்தாள். கிணற்றுத் தண்ணீரைப் பானையில் ஊற்றி வைத்தால் உச்சி வேளையில் அது வேறு தண்ணீராகிவிடுகிறது என்றாள். பெரிய குமாஸ்தா அதற்கு மேல் அவளைப் பேசவிடாமல் என்னை அனுப்பினார்.

முதல் நாள் எழுதினேன்: இரும்பு, கரி. அடுத்த வாரம்: சேறு, அழுகிய இலை. மூன்றாம் வாரம்: மூங்கில். குப்பத்துக் கிணறோ வெறும் உப்பு. அன்று நான் பென்சிலைக் காதில் செருகியதும் அவளால் அடக்க முடியவில்லை.

"நைனா, எம் புள்ள ரங்கூன்ல வேலைக்கு கீறான். அங்க குண்டு போட்டாங்கோன்னு கேட்ட நாள்லேர்ந்து பானை இப்டி ஆவுது. இது அவன் குடிக்கிற தண்ணி. நடந்து வந்துகினு கீறான் நைனா."

"ஏம்மா எங்கிட்ட சொன்ன? இனிமே என் நாக்கு சும்மா இருக்குமா?"

"இன்னாத்துக்கு இந்த பவுசு? உசுரோட கீறானா, அத்த சொல்லு."

அதைச் சொல்லத்தான் எனக்கு உரிமை இல்லை. வேறு ஆளை அனுப்பச் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் அந்த வேலைக்கு வேறு ஆள் ஏது?

அன்றிலிருந்து எனக்கு ஓரிடத்தில் இருப்புக்கொள்ளவில்லை. காலையிலேயே குப்பத்துக்குப் போய் உச்சி வேளை வரை மணலில் மேலும் கீழும் நடப்பேன். சட்டையைக் கழற்றுவேன், மாட்டுவேன். அவள் மீனை விற்றுவிட்டு வந்து பானையைப் பார்ப்பாள், என்னைப் பார்ப்பாள். பிறகு ஒரு நாள் பானையில் வெறும் கிணற்று உப்பு. மறுநாளும் அதே. 'மாற்றம் இல்லை' என்று எழுதினேன். அவளுக்குப் படிக்கத் தெரியாது. என் கை எவ்வளவு நேரம் ஓடுகிறது என்பதை வைத்தே தெரிந்துகொண்டாள். அன்று அவள் மீன் கூடையைத் தொடவில்லை.

மூன்றாம் நாள் ஒரு வாய் வைத்தேன். மருந்து வாடை, தார், அடியில் சுண்ணாம்பு. அது குழாய்த் தண்ணீர். குழாய்த் தண்ணீர் என்றே எழுதி அவளுக்குப் படித்துக் காட்டினேன், அதற்கு மேல் அர்த்தம் சொல்லவில்லை.

"கொழாத் தண்ணியா? குப்பத்துல ஏது கொழா?" என்றவள் சட்டென்று எழுந்தாள். "மெட்ராசுக்கு வந்துட்டானா? எந்தக் கொழா நைனா?"

இந்தக் கேள்விக்கு வேறு எவனாலும் பதில் சொல்லியிருக்க முடியாது. மயிலாப்பூர்க் குழாய் பழசு, துரு தூக்கும். தியாகராய நகரில் குழாய் புதைத்துக் கொஞ்ச வருஷம்தான், குழாயில் பூசிய தார் இன்னும் போகவில்லை. "தியாகராய நகர், மாம்பலம் பக்கம்" என்றேன். கட்டுப்பாடு அந்த இடத்திலேயே உடைந்தது.

வெயிலில் நடந்தோம். தெருத்தெருவாக வீடுகளில் பூட்டுத் தொங்கியது. முதல் தெருக்குழாயில் வாய் வைத்தேன். இதேதான். சுற்றிலும் தேடினோம், ஆளில்லை. இரண்டாவது குழாய், இதேதான். மூன்றாவதும் இதேதான்.

அவள் இடுப்பில் கை வைத்து நின்றாள். "இன்னா நைனா, எல்லாத்தயும் இதான் இதான்ற? உன்னுது நாக்கா, செருப்புத் தோலா?"

சுரீரென்றது. ஆனால் அவள் சொன்னது சரி. ஆசைப்பட்ட நாக்கு அது, கேட்டதையெல்லாம் ஆமாம் என்கிறது.

வழியையும் அவள்தான் கண்டாள். குப்பையில் கிடந்த கொட்டாங்கச்சியைக் கழுவி எடுத்தாள். "நீ இங்க குந்து. கண்ண மூடிக்கோ. நா கொணாந்து தரேன். எந்தக் கொழான்னு சொல்லவே மாட்டேன்."

ஒரு பூவரச மரத்தடியில் உட்கார்ந்தேன். கண் மூடியிருந்தாலும் கால் ஆடிக்கொண்டே இருந்தது. அவள் போவதும் வருவதுமாக இருந்தாள். ஒரே குழாய்த் தண்ணீரை இரண்டு தடவை கொடுத்து என்னைச் சோதித்தாள். அதையும் சொன்னேன். அப்புறம்தான் அவளுக்கு என் மேல் நம்பிக்கை வந்தது. ஏழாவது கொட்டாங்கச்சியில் மருந்து முதலில் வந்தது, பிறகு தார், பிறகு சுண்ணாம்பு. அதே வரிசை.

"இது" என்றேன்.

கண்ணைத் திறந்தபோது கொட்டாங்கச்சி தரையில் உருண்டுகொண்டிருந்தது. அவள் தெருக்கோடியை நோக்கி ஓடிக்கொண்டிருந்தாள், நானும் பின்னாலேயே போனேன். அந்தக் குழாய்க்குப் பின்னால் ஒரு பள்ளிக்கூடத்து மதில். கதவு சாத்தியிருந்தது. பர்மாவிலிருந்து வந்தவர்களை முந்தின நாள்தான் அங்கே கொண்டுவந்து இறக்கினார்களாம். காவல்காரன் தடுக்கத் தடுக்க உள்ளே போய்விட்டாள். நான் கதவோடு நின்றேன். பெயர் சொல்லிக் கூப்பிடுகிற அவள் குரல் அறை அறையாக நகர்ந்தது. பிறகு நின்றது. அந்த ஒரு நிமிஷம் என் வாயில் எந்த ருசியும் இல்லை.

"ஏண்டா கய்தே! ஊருக்கு வந்துட்டு ஆள் அனுப்ப மாட்டியா?"

"யார அனுப்புறது? ஊரே காலியா கீது. கால் வீங்கிப் போச்சும்மா."

"ரெண்டு நாளு ஏண்டா தண்ணி குடிக்கல?"

"காச்சல். தண்ணி தொண்டைல எறங்கல... ஒனக்கு எப்டித் தெரியும்?"

அவள் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி என்னைப் பார்த்துக் கத்தினாள்: "இன்னா பாத்துகினு நிக்கிற? ஓடிப்போய் ஒரு ஜட்கா புடிச்சாந்துரு நைனா!"

ஓடினேன்.