மாமா வந்துட்டாரு

நான் எதைச் சொன்னாலும் அம்மா ஒரு கேள்வி கேட்பாள். "பாத்தியா, நெனச்சியா?"

கேட்டதில் தப்பில்லை. மயில் என் டிபன் பாக்ஸைத் தூக்கிக்கொண்டு போய்விட்டது என்று சொன்னவள் நான். நெய்வேலியில் மயிலுக்குப் பஞ்சமில்லைதான், ஆனால் அந்த டிபன் பாக்ஸை நான் ஸ்கூல் பஸ்ஸில் விட்டுவிட்டு வந்திருந்தேன். இன்னொரு நாள் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் மலைப்பாம்பு கிடக்கிறது என்று சொல்லி, எங்கள் குவார்ட்டர்ஸ் லைனில் இருந்த ஆண்கள் அத்தனை பேரையும் கம்போடு ஓட வைத்தேன். கிடந்தது தோட்டத்துக்குத் தண்ணீர் விடுகிற ரப்பர் குழாய். அதற்குப் பிறகு மூன்றாம் வகுப்பு முடிவதற்குள்ளேயே என் வாக்குக்கு வீட்டில் மதிப்பு அடியோடு போய்விட்டது.

என் பேச்சைக் காது கொடுத்துக் கேட்டது பக்கத்துக் குவார்ட்டர்ஸ் அத்தை மட்டும்தான். சொந்த அத்தை இல்லை. நாங்கள் திருநெல்வேலிப் பக்கம், அவர்கள் வடலூருக்கு அந்தப் பக்கம் ஏதோ ஒரு ஊர். சுவர் ஒன்றாக இருந்ததால் அத்தை. நான் மயில் கதையைச் சொன்னபோது அத்தை, "அப்பிடியா கண்ணு, அப்புறம்?" என்றாள். மயில் டிபன் பாக்ஸை எப்படித் திறந்தது என்பதுவரை சொல்ல வேண்டியதாகிவிட்டது. அத்தை என்னை நம்புகிறாள் என்பதில் எனக்குச் சந்தேகமே இருந்ததில்லை.

அத்தையின் வீட்டுக்காரர், அதாவது மாமா, சுரங்கத்தில் பம்ப் பார்க்கிறவர். மழைக்காலம் வந்தால் கீழே தேங்குகிற தண்ணீரை இறைத்துக்கொண்டே இருக்க வேண்டும். ஷிப்ட் முடிந்து வரும்போது சட்டை ஒரு நிறம், முகம் ஒரு நிறம் என்று சொல்ல முடியாது, எல்லாம் ஒரே சேறாக இருக்கும். அதனால் எங்கள் லைனில் ஒரு வழக்கம் இருந்தது. வீட்டுக்காரர் பஸ்ஸை விட்டு இறங்கி முனை திரும்புவது தெரிந்ததும் பின்பக்கம் தகரக் கொட்டகையில் முந்திரி விறகை வைத்து வெந்நீர் அடுப்பைப் பற்றவைப்பார்கள். கேஸ் அடுப்பு இருந்தாலும் குளிக்கிற தண்ணீருக்கு விறகுதான். புகை கிளம்பினால் அந்த வீட்டு ஆள் நல்லபடியாக வந்து சேர்ந்துவிட்டார் என்று அர்த்தம். யாரும் யாரையும் கேட்க வேண்டியதில்லை. ஆள் வராமல் அடுப்பு மூட்ட மாட்டார்கள், அது ஆகாது என்பார்கள்.

அது ஐப்பசி மழை. மூன்று நாளாக விட்டு விட்டுப் பெய்து, அன்று விடாமல் பிடித்துக்கொண்டது. பள்ளிக்கூடம் லீவு. மாமா முதல் ஷிப்ட். இரண்டரை மணிக்கு வரவேண்டிய பஸ் மூன்றரை ஆகியும் வரவில்லை. யாரோ ஒருவர் பைக்கில் போகிற போக்கில், "மைன்ஸ்ல மண்ணு சரிஞ்சிடுச்சாம்" என்று சொல்லிவிட்டுப் போனார். எங்கே, எவ்வளவு, யார் மேல் என்று எதுவும் சொல்லவில்லை. நின்று கேட்பதற்குள் ஆள் மழையில் மறைந்துவிட்டார்.

அத்தை மாமாவின் போனுக்கு அடித்தாள். மணி போய்க்கொண்டே இருந்தது. போனை மேலே லாக்கரில் வைத்துவிட்டுத்தான் கீழே இறங்குவார்கள் என்பது அத்தைக்கும் தெரியும். தெரிந்தும் அடித்தாள். நைட் ஷிப்ட் முடித்துத் தூங்கிக்கொண்டிருந்த என் அப்பா எழுந்து, சட்டையை மாட்டிக்கொண்டு, விசாரித்து வருகிறேன் என்று சைக்கிளில் கிளம்பினார். அத்தைக்கு அது ஏழாம் மாதம். முன் வாசல் இரும்புக் கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றவளை அம்மா உள்ளே கூப்பிட்டும் அவள் நகரவில்லை.

"ஏட்டி, நீ ஸ்டாப்புக்குப் போய் பஸ் வருதான்னு பாரு" என்று அம்மா என் கையில் குடையைக் கொடுத்தாள்.

போனேன். நான் போய் நின்ற கொஞ்ச நேரத்தில் ஒரு பஸ் வந்தது. இறங்கியவர்கள் வழக்கம்போலப் பேசிக்கொள்ளவில்லை. எல்லோரும் கம்பெனி கொடுத்த அதே மஞ்சள் ரெயின்கோட்டைத் தலையோடு இழுத்து மூடியிருந்தார்கள். யாரிடமாவது கேட்டிருக்கலாம். ஆனால் கேட்டால் பதில் சொல்லிவிடுவார்களே என்று பயமாக இருந்தது. கடைசியாக இறங்கிய ஒருவர் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு மார்க்கெட் பக்கம் நடந்தார். உயரம் மாமா மாதிரி இருந்தது. நடை மாமாவுடையது இல்லை. பஸ் போய்விட்டது.

திரும்பி ஓடிவந்தபோது அத்தை அதே கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவள் உதடு நடுங்கியதை அன்றுதான் முதல்முறையாகப் பார்த்தேன். பெரியவர்கள் அப்படிப் பயப்படுவார்கள் என்று எனக்குத் தெரியாது. அதை நிறுத்த வேண்டும் என்பதைத் தவிர எனக்கு வேறு யோசனை இல்லை.

"மாமா வந்துட்டாரு. பஸ்ல இருந்து எறங்குனாரு. மார்க்கெட்டுக்குப் போயிட்டு வர்றாரு."

அம்மா என் தோளைப் பிடித்தாள். "பாத்தியா, நெனச்சியா?"

"பாத்தேன்."

"சத்தியமா?"

"சத்தியமா."

அத்தை என் முகத்தையே பார்த்தாள். "கையில இன்னா வெச்சிகினு இருந்தாரு கண்ணு?"

"சாப்பாட்டுப் பை. நீலப் பை." மாமா தினமும் அதைத்தான் கொண்டுபோவார். என் பொய்களிலேயே இவ்வளவு சுத்தமான பொய் அதுவரை வந்ததில்லை.

அத்தை கேட்டைப் பிடித்திருந்த கையை எடுத்தாள். பிறகு, "சரி, தண்ணி வைக்கறேன்" என்று பின்பக்கம் போனாள். சற்று நேரத்தில் தகரக் கொட்டகைக்கு மேலே முந்திரி விறகின் புகை ஈரத்தில் தாழ்வாகப் படர்ந்தது. எதிர் வீட்டு ஜன்னலில் இருந்து ஒரு பெண், "வந்துட்டாரா? நல்ல வேளை" என்று கத்தினாள். அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு என் தலையைத் தடவிவிட்டாள். என் வாழ்நாளிலேயே நான் சொன்ன ஒன்றை ஒரு லைன் முழுக்க நம்பியது அன்றுதான். அதை அனுபவிக்க எனக்கு ஐந்து நிமிடம்கூடக் கிடைக்கவில்லை.

ஸ்கூட்டரில் ஒருவர் வந்தார். யூனியனில் இருக்கிறவர், எல்லோரும் அண்ணன் என்பார்கள். கையில் பிளாஸ்டிக் உறைக்குள் ஒரு நோட்டு, அதில் முதல் ஷிப்ட் ஆட்களின் பெயர்கள். யார் யார் வீட்டில் ஆள் இன்னும் வரவில்லை என்று குறித்துக்கொண்டு போய் மைன்ஸில் கொடுக்கப் போவதாகச் சொன்னார். அதை வைத்துத்தான் கீழே தேடுவார்களாம்.

"இங்க எல்லாரும் வந்தாச்சு. பக்கத்து வீட்ல இப்பத்தான் வந்தாங்க" என்று அம்மா புகையைக் காட்டினாள். அவர் நோட்டில் ஒரு பெயரை அடித்தார். அதற்குள் அத்தை முந்தானையால் தலையை மூடிக்கொண்டு முன்பக்கம் வந்து அவரிடம் தணிந்த குரலில் என்னவோ சொன்னாள். அவர் மறுபடி எழுதினார். என்ன பேசினார்கள் என்று எனக்குக் கேட்கவில்லை. நான் சொன்னதைத்தான் அத்தையும் சொல்கிறாள் என்று நினைத்தேன்.

ஸ்கூட்டர் கிளம்பிப் போனது. அப்புறம்தான் எனக்கு உறைத்தது. எல்லோரையும் தேடுவார்கள், மாமாவை மட்டும் தேட மாட்டார்கள். மாமா சேற்றுக்குள் கையை ஆட்டிக்கொண்டிருப்பார். நீ வீட்டுக்குப் போய்விட்டாயே, உன் வீட்டில் புகை வந்ததே என்று விட்டுவிட்டு வந்துவிடுவார்கள். ஒரு வார்த்தையால் ஆளைப் புதைக்க முடியும் என்று அந்த நிமிடம் எனக்குத் தோன்றியது.

குடைகூட எடுக்காமல் ஓடினேன். அடுத்த தெரு முனையில் அவர் ஸ்கூட்டரை நிறுத்தி யாரிடமோ பேசிக்கொண்டிருந்தார். சட்டையைப் பிடித்து இழுத்தேன்.

"அண்ணா, நான் பாக்கல. பொய் சொன்னேன். மாமா பேரை எழுதுங்க. மாமாவைத் தேடச் சொல்லுங்க."

அவர் குனிந்து என்னைப் பார்த்தார். கோபப்படுவார் என்று நினைத்தேன். நோட்டைத் திறந்து, அடித்த இடத்துக்குக் கீழே மறுபடி எழுதியிருந்த மாமாவின் பெயரைக் காட்டினார்.

"உங்க அத்த அப்பவே சொல்லிட்டாங்கம்மா, பேரு இருக்கட்டும், புள்ள பயத்துல சொல்லுதுன்னு. நீ மழையில நிக்காத, வூட்டுக்குப் போ."

திரும்பி நடந்த தூரம் எனக்கு நினைவில்லை. எங்கள் வீட்டுக்குப் போகப் பயந்து, அத்தை வீட்டுப் பின்பக்கம் வழியாக நுழைந்தேன். சமையலறைக் கதவில் ஆணியில் நீலப் பை தொங்கிக்கொண்டிருந்தது. பிடி அறுந்து, பாதி தைத்த நூலில் ஊசி அப்படியே குத்தியிருந்தது. அன்று காலை மாமா வேறு பையில் சாப்பாடு கொண்டுபோயிருக்கிறார்.

அத்தை அடுப்புக்கு முன்னால் மணையில் உட்கார்ந்து விறகைத் தள்ளிக்கொண்டிருந்தாள். நான் பையைப் பார்த்ததை அவள் பார்த்தாள். அடி விழும் என்று நின்றேன்.

"தொப்பலா நனைஞ்சிகினு வந்து நிக்கிறியே. வா, அடுப்பாண்ட வந்து குந்து."

உட்கார்ந்தேன். அவள் முந்தானையால் என் தலையைத் துவட்டினாள். தவலைத் தண்ணீரில் ஆவி கிளம்பியது. வெகுநேரம் கழித்து, நெருப்பைப் பார்த்தபடியே அத்தை கேட்டாள்.

"மாமா எறங்கும்போது நனைஞ்சிருந்தாரா கண்ணு?"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. மறுபடி மாட்டிவிடப் பார்க்கிறாளோ என்று பயந்தேன். ஆனாலும் அவள் பதிலுக்குக் காத்திருந்தாள்.

"இல்ல அத்தை. ரெயின்கோட்டு போட்டிருந்தாரு."

"அப்பிடியா. அப்புறம்?"

"தொப்பிய கழட்டி உதறுனாரு."

"அப்புறம்?"

"என்னப் பாத்து சிரிச்சாரு. அத்தைக்கு மல்லாட்ட வாங்கியாறேன்னு சொன்னாரு."

நிலக்கடலையை அவர்கள் வீட்டில் அப்படித்தான் சொல்வார்கள். நிறுத்தவும் பயம், தொடரவும் பயம். அத்தை கேட்டுக்கொண்டே இருந்தாள். தண்ணீர் கொதித்து வற்ற வற்ற ஊற்றிக்கொண்டே இருந்தாள்.

விளக்கு வைக்கிற நேரத்துக்கு மாமா வந்தார். இடுப்பு வரை சேறு, அப்பா சைக்கிளில் பின்னால் உட்கார வைத்துக் கூட்டிவந்தார். கீழே இருந்து ஏறுகிற பாதையில் மண் சரிந்து வழி அடைபட்டுவிட்டதாம். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை, வழியைச் சீர் செய்யும்வரை கீழேயே இருந்தார்களாம். அத்தை அழவில்லை. மாமாவின் கையைப் பிடித்துப் பார்த்தாள், பிறகு முகத்தை.

"தண்ணி சூடா இருக்குது, குளிங்க. பாப்பா அப்பவே சொல்லிச்சு, நீங்க வந்துட்டீங்கன்னு."

அம்மா திரும்பி என்னைப் பார்த்த பார்வையில் எனக்கு அன்று விழப்போகும் அடி தெரிந்தது. விழுந்தது. அதற்காக நான் அழவில்லை. அத்தை எல்லோர் முன்னாலும் என்னைக் குத்திக் காட்டிவிட்டாள் என்றுதான் அழுதேன். ஒரு வாரம் அவள் வீட்டுப் பக்கமே போகவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் இருந்து அவள் இரண்டு மூன்று முறை கூப்பிட்டாள். ஏதாவது கதை சொல்லேன் கண்ணு என்றாள். எனக்குக் கதை ஒன்றும் தெரியாது அத்தை என்று சொல்லிவிட்டேன்.