செசிலியாவின் நாலு வண்டிக் கணக்கு

“பன்னெண்டு வண்டிய ஒண்ணா ஓட்டிக்கினு போனா அதுக்குப் பேரு படையா சார்? மந்தை!”

குப்பை வண்டி ஷெட் வாசலில் செசிலியா கத்தியதும் சூப்பர்வைசர் பழனிசாமியின் முகம் சுருங்கியது. ஆள் கெட்டவன் இல்லை, அறிவுதான் கொஞ்சம் மட்டு. குப்பை அள்ளப் போகிற பன்னிரண்டு பெண்களும் படை மாதிரி சேர்ந்தே போக வேண்டும் என்பது அவன் போட்ட சட்டம். எட்டு பேட்டரி வண்டி, நாலு மிதிக்கிற வண்டி. மிதிக்கிறவளுக்காகப் பேட்டரிக்காரி காத்துக் கிடப்பாள். ஒரு வண்டி நின்றால் பின்னால் வருவதெல்லாம் நிற்கும். பத்தரைக்கு முன்னால் வேலை முடிந்ததே இல்லை. சனிக்கிழமை ஒன்பது மணிக்குள் முடிக்காவிட்டால் பன்னிரண்டு பேருக்கும் வேலை கிடையாது என்று காண்ட்ராக்டர் சொல்லிவிட்டான்.

செசிலியாவின் செத்துப்போன புருஷன் சேவியர்ராஜ் கடற்படை மாலுமி. விசாகப்பட்டினத்தில் பதினோரு வருஷம் குடித்தனம்.

“ஒரே வேகத்துல போற நாலு கப்பலு. முன்னாடி ஒண்ணு வழி காட்டும், மத்தது எடம் மாறாம வரும். அதான் ஒரு டிவிஷன். அப்படி ரெண்டு மூணு சேர்ந்தா ஸ்குவாட்ரன். எங்கூட்டுக்காரரு குடிச்சிக்கினு சொன்னதுதான், ஆனா கப்பல் விஷயத்துல பொய் சொல்லமாட்டாரு. நாமளும் வேகம் பாத்து நாலு நாலா பிரிஞ்சு போலாம் சார்.”

“இது என்னா கடலாம்மா?”

“கப்பலு நின்னா மீன் மொய்க்கும், நம்ம வண்டி நின்னா ஈ மொய்க்கும். அவ்ளோதான் சார் வித்தியாசம்.”

“என்னமோ பண்ணுங்க. கெட்டுப்போனா எம்மேல பழி போடாதீங்க.”

சனிக்கிழமை காலை கண்ணகி தலைமையில் அவளோடு சேர்த்து நாலு பேட்டரி வண்டி, சின்னம்மாளோடு சேர்த்து நாலு, இரண்டு கூட்டமும் குடியிருப்பின் தூரத்து பிளாக்குகளுக்குப் போயின. மிதிக்கிற நாலில் முதல் வண்டியில் ஏறி, செசிலியா பக்கத்து பிளாக்குகளை எடுத்துக்கொண்டாள்.

“தலைவியம்மா மிதிக்கிற வண்டியிலயா?” என்று தேவயானி சிரித்தாள்.

“எம் முட்டிக்கு இந்த வேகம்தான்டி. நீ வாய மூடிக்கினு கண்ணகி பின்னாடி போ.”

எட்டேகாலுக்கு அதே தேவயானியின் வண்டி படுத்துக்கொண்டது. பழைய நாளாக இருந்தால் பன்னிரண்டு பேரும் சுற்றி நின்று கதை பேசியிருப்பார்கள். கண்ணகி அசரவில்லை. மிச்சக் குப்பையை எடுக்க மற்ற இரண்டு வண்டியைத் தெருவுக்குள் அனுப்பினாள். தேவயானியின் வண்டியைத் தன் வண்டியில் கட்டி இழுக்கக் கயிறு தேடினாள். கயிறு இல்லை. குப்பையில் கிடந்த பழைய புடவையை முறுக்கிக் கட்டினாள். வழியில் அது இரண்டு தடவை கிழிந்தது. இரண்டு தடவையும் திட்டிக்கொண்டே முடிச்சுப் போட்டாள்.

ஷெட்டுக்கு முதலில் வந்து சேர்ந்தது மிதிக்கிற வண்டிகள்தான். அடுத்து சின்னம்மாளின் நாலு. கடைசியில் புடவை வாலோடு கண்ணகி கூட்டம் உள்ளே நுழைந்தது.

பழனிசாமி போனில் காண்ட்ராக்டரிடம், “ஒம்போதுக்கு இன்னும் எட்டு நிமிஷம் இருக்கு சார். பன்னெண்டும் வந்துடுச்சு. நான்தான் டிவிஷன் டிவிஷனா பிரிச்சு உட்டேன்,” என்றான்.

பெண்கள் போட்ட கூச்சலில் ஷெட்டுத் தகரம் அதிர்ந்தது. வேலை பிழைத்தது. பொய் சொன்ன பழனிசாமியை மட்டும் செசிலியா ஒரு பார்வை பார்த்தாள். அவன் தானாகவே டீ வாங்கப் போனான்.

சாயங்காலம் அவள் பஜாருக்குப் போய் கூட்டத்துக்கு ஒன்றாக மூன்று நைலான் கயிறு எடுத்தாள். கடைக்காரன் ஒன்றுக்கு நூற்றுப்பத்து என்றான். பேரம் பேசி மூன்றையும் முந்நூறு ரூபாய்க்கு வாங்கினாள்.