சின்னண்ணை தோன்றிய இரண்டு கிரேக்கப் படங்கள்

எங்கள் சின்னண்ணை ஊர்காவற்றுறையில் பிறந்தார். வயது வந்ததும் கப்பலேறினார். சென்ற ஆண்டு ரொறன்ரோவில், கிரேக்க உணவகமொன்றின் சமையலறையில், கையில் சவர்க்கார நுரையோடு விழுந்து இறைவனடி சேர்ந்தார். இடையில் இரண்டு கிரேக்க விவரணப் படங்களில் தோன்றினார். "படத்திலை நடிச்சவராம்!" என்று செத்தவீட்டில் பெருமையடித்த உறவினர்களுக்காகவே இதை எழுதுகிறேன். அவர் நடிக்கவில்லை.

எண்பத்துமூன்றுக் கலவர நேரம் அவருடைய கப்பல் ஏதென்ஸ் பக்கத்துத் துறைமுகத்தில் நின்றது. கப்பல் முதலாளி சொல்லாமல் கொள்ளாமல் தலைமறைவானான். சம்பளமில்லை, சாப்பாடில்லை, திரும்பிப் போக ஊருமில்லை. கைவிடப்பட்ட அந்த ஆட்களைப் படம்பிடிக்க ஒரு கிரேக்கப் பெண் கமராவோடு வந்தார். அந்தப் படத்தில் சின்னண்ணை காய்ந்த பாண் துண்டொன்றைக் கையில் வைத்துக்கொண்டு, பழகிய கிரேக்க மொழியில் ஏதோ சொல்லி அழுகிறார்.

பெரியப்பாவின் மகன், இன்று விட்பியில் புதுவீட்டில் இருக்கும் அண்ணை, அப்போது ரொறன்ரோ வெக்ஸ்போர்ட்டில் இருந்தார். சின்னண்ணை துறைமுகத்திலிருந்து அவருக்கு ரெலிபோன் எடுத்தார். "லைன் கிளியரில்லை, ஆரெண்டு விளங்கேல்லை" என்று அண்ணை வைத்துவிட்டார். எடுத்தது யாரென்று அடுத்த ஞாயிறு கோயிலில் எல்லாருக்கும் சொல்லும் அளவுக்கு மட்டும் விளங்கியிருந்தது.

பிறகு அந்தப் படம் இங்கே ரிவியில் கிரேக்க நிகழ்ச்சியொன்றில் போனது. விட்பி அண்ணை வீட்டில் எல்லாரும் கூடியிருந்தோம். "ஐயோ, உது எங்கடை சின்னண்ணை!" என்று கத்தினேன். விட்பி அண்ணை எழும்பி ரிவியை நிப்பாட்டினார்.

"பிச்சைக்காரன் மாதிரி நிக்கிறான். உவன் எங்கடை ஆளெண்டு வெளியிலை கதைச்சுப்போடாதேங்கோ."

சின்னண்ணை தன் பாட்டில் அலைந்து திரிந்து ஒருவாறு கனடா வந்து சேர்ந்தார். விமான நிலையத்துக்குப் போனது நான் ஒருத்திதான். கோப்பை கழுவுகிறவர் என்பதால் கல்யாணவீடுகளுக்கு அவரை விட்டுவிட்டு என்னைத் தனியே வரச் சொன்னீர்கள். அதே கிரேக்கப் பெண் மட்டும் கடல் தாண்டி வந்து, அவரைத் தேடிப் பிடித்து, இன்னொரு படம் எடுத்தார்.

சின்னண்ணை செத்த பிறகு, உணவகத்துக் கிரேக்க முதலாளியம்மா அவர் வைத்திருந்த இரண்டு படக் கசற்றையும் போட்டு எனக்கு மொழிபெயர்த்தார். முதற்படத்தில் சின்னண்ணை அழுதது பசிக்கு இல்லை.

"கனடாவிலை எனக்கொரு அண்ணை இருக்கிறார். என்ரை குரல் கேட்டவர். கட்டாயம் கூப்பிடுவார்."

இரண்டாவதில் அந்தப் பெண் கேட்கிறார், கூப்பிட்டாரா என்று. சின்னண்ணை கோப்பையைத் துடைத்தபடி சிரிக்கிறார்.

"ஓம். எயர்போட்டிலை கட்டிப்பிடிச்சு அழுதவர். தங்கமான மனிசன்."

பொய் சொல்லத் தெரியாதவர் என்று அடக்கத்தன்று எத்தனை பேர் எழும்பிப் பேசினீர்கள்! அவரைப் பற்றி உங்களுக்கு என்னதான் தெரியும்?

முதலாளியம்மாவுக்கும், சவப்பெட்டி தூக்கிய கிரேக்கச் சமையற்காரர்களுக்கும், பூசை ஒப்புக்கொடுத்த சுவாமிக்கும் எங்கள் நன்றி. கசற்றில் ஒரு கொப்பி கேட்ட விட்பி அண்ணைக்கும் நன்றி. கட்டாயம் தருவேன். கிரேக்க நாட்டில் உங்களுக்கு நல்ல பெயர், அண்ணை. சின்னண்ணை தேடித் தந்த பெயர், அதைக் கெடுக்க எனக்கு மனமில்லை. அதனால்தான் இதைத் தமிழில் எழுதினேன்.